அல்லி அரசாணி தோற்றவளா?

ஜூலை 18 (ஓமலூர்ப் பக்கத்து வாசகர் ஒருவரின் கேள்வி)

ஆடி பிறந்தால் நம் சேலம் பக்கம் ஏதாவது ஓர் ஊரில் அல்லி கதை கூத்தாக நடக்கும். சின்ன வயதிலிருந்து பார்க்கிறேன். பாண்டிய நாட்டையே ஆண்டவள், ஆண் வாடையே ஆகாது என்றவள், கடைசியில் ஒரு பாம்பாட்டி வித்தையில் ஏமாந்து அர்ஜுனனுக்குப் பெண்டாட்டி ஆகிவிடுகிறாள். இல்லாத ஒரு ராணியைக் கற்பனை செய்ததே அவளை அடக்கிக் காட்டத்தான் என்று எனக்குத் தோன்றுகிறது. தோற்றவளை எதற்குப் பேரரசி என்று கொண்டாட வேண்டும்?

ஜூலை 18, இரவு 10.20

தாலியோடு கதையை முடித்தால் நீங்கள் சொல்வது சரிதான் தம்பி. ஆனால் அல்லியின் கதையைப் பாடும் அல்லி அரசாணி மாலை என்ற கதைப்பாட்டு தாலியில் தொடங்கவும் இல்லை, தாலியோடு அல்லியின் கதை முடியவும் இல்லை. விடிய விடிய நடக்கும் கூத்திலேயே முன்பாதி சுருங்கிப்போய், பாம்பு வருகிற இடம்தான் நீண்டுகொண்டே போகிறது. அதனால் முன்பாதியை முதலில் சொல்லிவிடுகிறேன்.

மதுரைப் பாண்டியனுக்குப் பிள்ளை இல்லை. தவம் இருக்கிறான். அல்லிப் பூவில் ஒரு பெண் குழந்தை கிடைக்கிறது. அவள் வளர்ந்து, படித்து, வில்லும் வாளும் பழகுகிறாள். நாடு அப்போது நீன்முகன் என்பவன் பிடியில் இருக்கிறது. பெரியவர்கள் யாராலும் ஆகாத காரியம். அவனோடு போர் செய்து, அவனைக் கொன்று, நாட்டை மீட்பவள் இந்தச் சின்னப் பெண். முடி அவள் தலையில் ஏறுகிறது. அவள் சபையில் மந்திரி பெண், படைத்தலைமை பெண், வாசல் காவல் பெண்.

இதுவரை அர்ஜுனன் என்று ஒருவன் கதைக்குள் வரவே இல்லை என்பதைக் கவனியுங்கள். அவன் தீர்த்த யாத்திரைக்கு வந்த இடத்தில் அவளைப் பற்றிக் கேள்விப்படுகிறான், ஆசைப்படுகிறான். அவள் ஆகாது என்கிறாள். அவனுக்குத் துணையாகக் கிருஷ்ணன் வருகிறான். கிருஷ்ணன் பிடாரன் (பாம்பாட்டி) ஆகிறான், அர்ஜுனன் பாம்பு ஆகிறான், பாம்பு பள்ளியறைக்குள் போகிறது. அவள் தூங்கும்போது தாலி ஏறுகிறது. விழித்தவள் கொதித்துப் போகிறாள், பகை மூள்கிறது. சமாதானம் அதற்கு அப்புறம்தான். புலந்திரன் என்று ஒரு மகன் பிறக்கிறான். ஊருக்கு ஊர் இதில் சில்லறை மாற்றங்கள் உண்டு. எலும்புக்கூடு இதுதான்.

சரி, இப்போது நான் கேட்கிறேன். கல்யாணத்துக்கு அப்புறம் மதுரைச் சிம்மாசனத்தில் உட்கார்ந்திருப்பது யார்?

ஜூலை 18, இரவு 11.05

விட்டுப்போன ஒன்று. பவளக்கொடி கதையையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். புலந்திரன் பவளத் தேர் வேண்டுமென்று அழுகிறான். பிள்ளை வளர்வது அம்மாவின் அரண்மனையில். தேர் தேடிக் கடல் தாண்டிப் போக வேண்டியவன் அர்ஜுனன். அங்கே போய் அவன் பவளக்கொடியையும் கட்டிக்கொள்கிறான் என்பது அவன் சுபாவம். ஆனால் ஊரை விட்டுப் போவதும் வருவதும் அவன்தான். அல்லி இருந்த இடத்தில் இருக்கிறாள்.

ஜூலை 19, மதியம்

"எந்தப் புராணத்திலும் அப்படித்தானே, ராணி ராணியாகத்தான் இருப்பாள்" என்று ஒருவர் கேட்டிருக்கிறார். இல்லைங்க. அதே மதுரையில் அதே மாதிரி இன்னொரு கதை இருக்கிறது, அதை வைத்துப் பாருங்கள்.

தடாதகைப் பிராட்டி, அதாவது நம் மீனாட்சி. மலயத்துவச பாண்டியனுக்கும் காஞ்சனமாலைக்கும் பிள்ளை இல்லாமல் வேள்வி செய்ததில் தீயிலிருந்து வந்த பெண். மூன்று தனங்களோடு பிறந்தவள். ஆண்பிள்ளை போல வளர்த்து, அப்பாவுக்குப் பின் முடிசூட்டுகிறார்கள். திக்விஜயம் போகிறாள், ஒவ்வொரு திசையாக வென்று கயிலாயம் வரை படை நடத்துகிறாள். சிவனை நேரில் பார்த்ததும் மூன்றாவது தனம் மறைகிறது, நாணம் வருகிறது. கல்யாணம். அதற்கு அப்புறம் நாட்டை ஆள்வது யார்? மாப்பிள்ளை. சுந்தரபாண்டியன் என்ற பெயரில் சோமசுந்தரர்தான் முடி சூடுகிறார். திருவிளையாடற் புராணத்தில் பரஞ்சோதி முனிவர் அப்படித்தான் பாடுகிறார். மதுரைக் கோவில் வழக்கமும் அதை ஒட்டித்தான். சித்திரையில் மீனாட்சிக்குப் பட்டாபிஷேகம், ஆவணியில் சுந்தரேசுவரருக்குப் பட்டாபிஷேகம். வருஷத்தில் நான்கு மாதம் அம்மன் ஆட்சி, எட்டு மாதம் சுவாமி ஆட்சி.

மீனாட்சியைக் குறைத்துச் சொல்லவில்லை. நானும் அவள் காலடியில் போய் நின்றவள்தான். ஆனால் இரண்டு கதையும் கிட்டத்தட்ட ஒரே அச்சு. பிள்ளையில்லாத பாண்டியன், தாய் வயிற்றில் பிறக்காத பெண், படை, வெற்றி, வெளியூர் மாப்பிள்ளை. மாப்பிள்ளை வந்ததும் ஒரு கதையில் சிம்மாசனம் கை மாறுகிறது, இன்னொன்றில் மாறவில்லை. சாமியாகக் கும்பிடுகிற பெண் அரியணையைப் பகிர்ந்துகொண்டாள். சாமி ஆக்கப்படாத அல்லி ஒருநாளும் பகிரவில்லை. இத்தனை பேர் இத்தனை காலம் அல்லி கதையைப் பாடியும் அர்ஜுனனை மதுரைக்கு ராஜா ஆக்க யாருக்கும் மனசு வரவில்லை. இதைத்தான் நான் பெரிதாக நினைக்கிறேன்.

ஜூலை 20

வியாசர் பாரதத்தில் அல்லி இல்லை என்று ஐயா ஒருவர் எழுதியிருக்கிறார். அல்லி என்ற பெயரில் இல்லை, உண்மை. சித்திராங்கதை இருக்கிறாள். சித்திரவாகன ராஜாவின் ஒரே பெண். தமிழில் பாரதம் பாடிய வில்லிபுத்தூரார் அவளைப் பாண்டியன் மகளாகவே பாடுகிறார். அந்தக் கதையில் அவள் அப்பா கல்யாணத்துக்கு முன்னாலேயே அர்ஜுனனிடம் கறாராகப் பேசிவிடுகிறார்: பிறக்கிற பிள்ளை என் வம்சத்துக்கு. அர்ஜுனன் ஒத்துக்கொள்கிறான். பிள்ளை பப்ருவாகனன் தாய்வழி நாட்டுக்கே அரசன் ஆகிறான். பின்னால் அசுவமேதக் குதிரையோடு அர்ஜுனன் அந்தப் பக்கம் வரும்போது அப்பனும் மகனும் மோதி, மகன் கையால் அர்ஜுனன் விழுகிறான். அர்ஜுனனின் இன்னொரு மனைவி, நாககன்னி உலூபி நாகமணியைக் கொண்டு அவனை எழுப்புகிறாள்.

ஆக, பெண் வீட்டு அரியணை பெண் வீட்டிலேயே நிற்பது பெரிய பாரதத்திலேயே இருக்கிற விஷயம். ஆனால் அங்கே நிபந்தனை போடுவது அப்பா. நம் கதையில் அப்பா ஓரத்துக்குப் போய்விடுகிறார், பெண்ணே எல்லாவற்றையும் பார்த்துக்கொள்கிறாள். தமிழில் பாடியவர்கள் கூடுதலாகச் செய்தது இது.

ஜூலை 21, இரவு

கூத்து பற்றிக் கேட்டீர்கள். எங்கள் அம்மாயி (அம்மாவின் அம்மா) ஊர் தாரமங்கலம் தாண்டி. மாரியம்மன் பண்டிகைக்கு அங்கே போனால் கூத்து பார்க்காமல் வர மாட்டோம். பாய், போர்வை, முறுக்கு எல்லாம் எடுத்துக்கொண்டு சாயங்காலமே இடம் பிடித்துவிடுவோம். அல்லி வேடம் கட்டுகிறவர் ஆண்தான். பகலில் பார்த்தால் ஒல்லியான மனிதர், பட்டறைக்குப் போய்க்கொண்டிருப்பார். ராத்திரி திரைக்குப் பின்னால் நின்று பாடத் தொடங்கினால் கூட்டம் அப்படியே அடங்கிவிடும். திரை விலகுமுன் அந்தக் குரலிலேயே ராணி வந்துவிடுவாள்.

பிடாரன் வருகிற காட்சிதான் நான் சொல்ல வந்தது. கோமாளி புகுந்து விளையாடுவான். ஆண்கள் பக்கம் விழுந்து விழுந்து சிரிப்பார்கள். பெண்கள் பக்கம் அப்படி இருக்காது. ஒரு வருஷம் எங்கள் பக்கத்தில் உட்கார்ந்திருந்த ஒரு கிழவி எழுந்து நின்று, "ஏண்டா கண்ணா, தூங்கற புள்ள கழுத்துல தாலி கட்டச் சொல்லிக் குடுக்கறதுக்கா உன்னயக் கும்புடறோம்?" என்று சத்தமாகக் கேட்டுவிட்டார். கிருஷ்ணன் வேடம் கட்டியவர் ஒரு நொடி திகைத்துவிட்டு, "ஆத்தா, கதையில அப்படி எழுதியிருக்குது, நான் என்ன பண்ணட்டும்" என்று கையெடுத்துக் கும்பிட்டார். கூட்டமே கைதட்டியது. அப்புறம் அல்லி எழுந்து கோபத்தில் பாடுகிற பாட்டை அல்லி வேடக்காரர் வழக்கத்தை விட நீட்டிப் பாடினார். கிழவி கேட்டதற்குப் பதில் சொன்ன மாதிரி இருந்தது எனக்கு.

நீங்கள் அடக்கிக் காட்டுவது என்று சொன்னதற்கு இதைத்தான் வைக்கிறேன். பாட்டு எழுதினவர் மனசில் என்ன இருந்திருந்தாலும், பார்க்க வந்த பெண்கள் அதை அப்படியே வாங்கிக்கொள்ளவில்லை.

ஜூலை 22

முதல் நாள் எழுதியதைத் திரும்பப் படித்தேன். அதோடு இதைச் சேர்த்துக்கொள்ளுங்கள். அரியணை அவளிடமே இருந்தது என்பதால் அன்று ராத்திரி நடந்தது நியாயம் ஆகிவிடாது. இரண்டும் வேறு வேறு.

ஜூலை 23, காலை

"அது பகவான் லீலை, அதைப் போய் இந்தக் காலத்துக் கண்ணால் பார்க்கக் கூடாது" என்று அண்ணா ஒருவர் கோபப்பட்டிருக்கிறார். அண்ணா, அந்தக் காலத்துக் கண்ணிலும் அது தப்பாகத்தான் தெரிந்திருக்கிறது. இல்லையென்றால் எழுந்ததும் அல்லிக்கு அவ்வளவு ஆத்திரத்தை ஏன் வைத்தார்கள்? சுகமாக விழித்தாள், வெட்கப்பட்டாள் என்று ஒரு வரியில் முடித்திருக்கலாமே. பாடினவர் அதைச் செய்யவில்லை. அவள் தரப்புக் கோபத்துக்குக் கதைக்குள்ளேயே இடம் கொடுத்திருக்கிறார். அந்த இடத்தைக் கூத்தில் குறைத்துக்கொண்டே வருவதுதான் எனக்கு வருத்தம்.

நான் கிருஷ்ண பக்தைதான். ஆனால் அந்தக் காட்சியில் அவன் செய்தது வஞ்சனை. அதில் எனக்கு இரண்டு மனசு இல்லை.

ஜூலை 24, இரவு

யார் பாடியது, யாருக்காகப் பாடியது என்ற கேள்விக்கு வருவோம். நளவெண்பா பாடிய புகழேந்திப் புலவர் பெயரில்தான் இந்த மாலைகள் அச்சாகி வருகின்றன. அல்லி அரசாணி மாலை, பவளக்கொடி மாலை, புலந்திரன் களவு மாலை, ஏணி ஏற்றம் எல்லாம். நளவெண்பாவையும் இதையும் பக்கத்தில் வைத்து நான்கு வரி படித்தாலே தெரியும், இது பல நூற்றாண்டு பிந்திய பேச்சு நடை. புலவர் பெயரை யாரோ வைத்துவிட்டார்கள்.

ஆனால் அந்தப் பெயர் ஒட்டியதற்கு வழிவழியாக ஒரு கதை சொல்வார்கள், எனக்கு ரொம்பப் பிடித்த கதை. ஒட்டக்கூத்தரோடு பகை வந்து புகழேந்தி சிறையில் கிடக்கிறார். அந்த வழியாகத் தண்ணீர் எடுக்கப் பெண்கள் போவார்கள். அவர்கள் கேட்க இவர் உள்ளிருந்து இந்தப் பாட்டுகளைப் பாடுவார், அவர்கள் அரிசி பருப்பு கொடுப்பார்கள். நடந்த கதை இல்லை. இருந்தாலும் ஊர் ஏன் அப்படிச் சொல்லிக்கொண்டது என்று பாருங்கள். இந்தப் பாட்டுக்குக் காது கொடுத்தவர்கள் குடம் தூக்கிப் போன பெண்கள் என்பது எல்லோருக்கும் தெரிந்திருக்கிறது.

எங்கள் வீட்டிலும் அப்படித்தான். அம்மாயி பள்ளிக்கூடம் அதிகம் போகாதவர். பெரிய எழுத்துப் புத்தகம், அட்டை கிழிந்தது, எழுத்துக்கூட்டி ராகம் போட்டு வாசிப்பார். மத்தியானத்தில் அக்கம்பக்கத்துப் பெண்கள் தறி வேலைக்கு நடுவே வந்து உட்கார்ந்து கேட்பார்கள். நீன்முகன் சாகிற இடத்தை இன்னொரு தரம் வாசிக்கச் சொல்வார்கள். கல்யாணம் ஆன இடத்தை யாரும் திரும்பக் கேட்டு நான் பார்த்ததில்லை.

ஜூலை 25

அந்தப் பெரிய எழுத்துப் புத்தகத்தில் படம் உண்டா என்று கேட்டீர்கள். ஆமாம், படங்கள் இருக்கும். மரக்கட்டையில் செதுக்கி அச்சடித்த மாதிரி, கறுப்பு மையில். கண் பெரிதாக, மூக்குத்தியோடு. எங்களிடம் இருந்த பிரதி கரையானுக்குப் போய்விட்டது.

ஜூலை 26, இரவு

அல்லி நிஜமா என்று கேட்கிறவர்களுக்கு. நான் நிஜம் என்று சொல்ல மாட்டேன். கற்பனை அரசிதான். ஆனால் தெற்கே ஒரு பெண் ஆண்டாள் என்ற பேச்சு இந்தப் பாட்டுகளை விடவும் ரொம்பப் பழையது.

சந்திரகுப்த மௌரியர் காலத்தில், கி.மு. 300 வாக்கில், இந்தியாவுக்குக் கிரேக்கத் தூதராக வந்த மெகஸ்தனிஸ் எழுதிவைத்தது கிரேக்கர்கள் மூலம் துண்டு துண்டாகக் கிடைத்திருக்கிறது. கிரேக்கப் புராண வீரன் ஹெராக்ளிஸுக்கு இந்தியாவில் பாண்டேயா என்று ஒரு மகள், அவளுக்குத் தெற்கே ஒரு நாட்டைக் கொடுத்தான் என்கிறது. 365 ஊர்கள், நாளுக்கு ஓர் ஊர் அரண்மனைக்குக் கப்பம் கட்ட வேண்டும். அப்பா கொடுத்த படை 500 யானை, 4,000 குதிரை, 1,30,000 காலாள் என்று கிரேக்க ஆசிரியர் அர்ரியன் கணக்கே கொடுக்கிறார். மகளை அலங்கரிக்கக் கடலிலிருந்து முத்துத் தேடி எடுத்தான் என்றும் அதில் வருகிறது. ரோமானிய அறிஞர் பிளினி, இந்தியாவில் பெண்கள் ஆளும் ஒரே இனம் பாண்டியர் என்று எழுதினார்.

இதை வைத்து "பார்த்தீர்களா, அல்லிதான் பாண்டேயா" என்று குதிப்பவர்கள் உண்டு. எனக்கு அதில் நம்பிக்கை இல்லை. நடுவே ஈராயிரம் வருஷ இடைவெளி. கிரேக்கர் காதில் விழுந்தது மீனாட்சி கதையின் மூத்த வடிவமாகவும் இருக்கலாம், சும்மா வணிகர் பேச்சாகவும் இருக்கலாம். ஆனால் பாண்டிய நாடு, முத்து, ஒரு பெண் ஆட்சி என்ற மூன்றும் திரும்பத் திரும்பச் சேர்ந்தே வருகின்றன. மன்னார்க் கரையிலும் அப்படித்தான். இலங்கையில் அரிப்பு என்ற ஊரில் கடலோரம் இடிந்து நிற்கிற கட்டடத்தை அல்லிராணிக் கோட்டை என்பார்கள். அதைக் கட்டியது உண்மையில் பிரிட்டிஷ் ஆளுநர் பிரெடெரிக் நார்த், 1800களின் தொடக்கத்தில், முத்துக்குளிப்பை மேற்பார்வையிட. ஊர்க்காரர்கள் வெள்ளைக்காரன் பெயரைத் தூக்கிப் போட்டுவிட்டு அல்லி பெயரை வைத்துக்கொண்டார்கள். பக்கத்தில் குதிரைமலையிலும் அவள் ஆண்டதாகச் சொல்கிறார்கள்.

மதுரைக்கும் மன்னாருக்கும் நடுவே கடல். சேலத்துக்கும் மதுரைக்கும் நடுவே எவ்வளவு தூரம். ஒரு கற்பனை ராணிக்கு இத்தனை பெரிய நாடு கிடைத்திருக்கிறது.

ஜூலை 27

ஏற்காட்டுத் தம்பிக்கு: சேர்வராயன் மலையில் அல்லி பெயரில் ஓர் இடமும் எனக்குத் தெரிந்து இல்லை. மலை உச்சிக் குகைக் கோவிலில் சேர்வராயனும் காவேரி அம்மனும் இருக்கிறார்கள். மலைவாழ் மலையாளி மக்கள் காஞ்சியிலிருந்து வந்த மூன்று அண்ணன் தம்பிகளின் கதை சொல்வார்கள். ராணி கதை நான் கேட்டதில்லை. கொல்லிமலைப் பாவையை இதோடு முடிச்சுப் போடாதீர்கள். சிரித்து மயக்கிக் கொல்லும் பாவை சங்கப் பாடல்களில் வருவது, அது வேறு சரடு. அல்லி யாரையும் மயக்கப் போகவில்லை.

ஜூலை 30

மேடை நாடகம் பற்றி. சங்கரதாஸ் சுவாமிகள் (1867–1922) பவளக்கொடியையும் அல்லி அர்ஜுனாவையும் நாடகமாக்கினார். சிறுவர்களை வைத்து நாடகம் போட்ட பாய்ஸ் கம்பெனிக்காரர்கள் ஊர் ஊராகக் கொண்டு போனார்கள். 1934இல் வந்த பவளக்கொடி படத்தில்தான் தியாகராஜ பாகவதர் அறிமுகம். மேடையிலும் திரையிலும் பாட்டுக்கு இடம் வேண்டும், பாட்டுக்குக் காதல் வேண்டும். அதனால் நீன்முகன் போர் மெல்ல மெல்லக் கழன்றுவிட்டது. கூத்தில் குறைந்தது முன்கதையாகவாவது அது சொல்லப்படும்.

ஏற்காடு ரோட்டில் மாடர்ன் தியேட்டர்ஸ் வளைவைத் தாண்டும்போதெல்லாம் எனக்கு ஓர் ஏக்கம் வரும். 1935இல் டி.ஆர். சுந்தரம் தொடங்கியது. கத்திச் சண்டை, ராஜா ராணி, மாயம், மந்திரம் எல்லாம் அவர்களுக்குக் கைவந்த கலை. அல்லியின் முன்பாதியை மட்டும் எடுத்து ஒரு படம் அங்கேயிருந்து வந்திருக்க வேண்டும்.

ஜூலை 31

நீன்முகன் வேடத்துக்கு யாரைப் போடுவது என்று நான்கு பேர் சண்டை போட்டுக்கொண்டிருக்கிறீர்கள். எனக்கும் ஆள் தோன்றுகிறது, ஆனால் சொல்ல மாட்டேன், விடிந்துவிடும்.

ஆகஸ்ட் 2, இரவு

ஓமலூர்த் தம்பி மறுபடி வந்து ஒரு நல்ல கேள்வி கேட்டிருக்கிறார். "நீங்கள் இவ்வளவு சொன்னாலும், ஒரு வீட்டில் பெண் பேச்சு எடுபட்டால் 'அங்கே அல்லி ராஜ்யம்' என்று கேலிதானே செய்கிறார்கள்? அவள் விட்டுப்போனது அந்தக் கேலி மட்டும்தானே?"

இதற்கு உடனே பதில் எழுத முடியவில்லை. எங்கள் வீட்டைப் பற்றியே அப்படிச் சொல்லியிருக்கிறார்கள். அப்பா படுத்த படுக்கையாக இருந்த காலம். அம்மா பாவு வாங்கி, கூலி பேசி, தறி ஓட்டி, எங்களைப் படிக்க வைத்தார். உறவில் ஒருவர் திண்ணையில் உட்கார்ந்து, "அம்மாபேட்டையில ஒரு அல்லி தர்பார் நடக்குது" என்று எல்லோரும் சிரிக்கச் சொன்னார். அம்மா உள்ளே காபி கலந்துகொண்டிருந்தார். கொண்டுவந்து அவர் முன்னால் வைத்துவிட்டு, "நடக்குதில்ல, அது போதும்" என்றார். எனக்கு அப்போது அல்லி யார் என்று தெரியும், அம்மாயி வாசித்துக் கேட்டிருந்தேன். அதனால் அது எனக்கு வசவாகவே கேட்கவில்லை. நீன்முகனைக் கொன்றவள் பெயரை அம்மாவுக்கு வைக்கிறார்கள் என்றுதான் நினைத்தேன்.

கேலி செய்கிறவர்களுக்குப் பாம்புக் கதை மட்டும் தெரியும். முழுக் கதையும் தெரிந்தவர்களிடம் அந்தக் கேலி செல்லாது. ஆகவே கதையை முழுசாகச் சொல்ல வேண்டும், வேறு வழி எனக்குத் தெரியவில்லை.

ஆகஸ்ட் 3

நிஜ ராணிகளைப் பேசாமல் கற்பனை ராணியைப் பேசுவது ஏன் என்று அக்கா ஒருவர் கேட்டார். நியாயமான கேள்வி. அதே மதுரையில் ராணி மங்கம்மாள் 1689 முதல் 1706 வரை பேரனுக்காக ஆட்சி நடத்தினார். சாலை, சத்திரம் என்றால் இன்றைக்கும் அவர் பெயர்தான். ஆனால் அவர் முடிவைப் பற்றி ஊர் சொல்லும் கதை என்ன? அரண்மனையில் அடைத்து, சாப்பாட்டைக் கண்ணுக்குத் தெரியும்படி வைத்து, கைக்கு எட்டாமல் பட்டினி போட்டுக் கொன்றார்கள் என்பது. அது நடந்ததோ இல்லையோ, மக்கள் நினைவில் அவருக்கு அப்படி ஒரு சாவு.

அல்லிக்கு அப்படி ஒரு சாவை யாரும் எழுதவில்லை. எனக்குத் தெரிந்த மாலைகள் எதிலும் அவளைச் சிறை வைத்து முடிக்கவில்லை. கற்பனை என்றால் பாடுகிறவன் கையில் எல்லாம் இருக்கிறது. அவளைக் கொன்றிருக்கலாம், அரியணையிலிருந்து இறக்கியிருக்கலாம், அஸ்தினாபுரத்துக்கு மருமகளாக மூட்டை கட்டி அனுப்பியிருக்கலாம். செய்யவில்லை. நிஜ ராணிகளுக்குக் கிடைக்காத ஒன்று இவளுக்குக் கிடைத்தது, அதனால்தான் பேசுகிறேன் அக்கா.

ஆகஸ்ட் 9, மதியம்

சேலத்தில் குகை என்ற பகுதியில் நடக்கும் வண்டி வேடிக்கை பார்த்துவிட்டு வந்தேன். வெளியூர்க்காரர்களுக்குச் சொல்கிறேன். ஆடிப் பண்டிகையில் குகை மாரியம்மன் கோவில் பக்கம் அலங்கரித்த வண்டிகளில் சாமி வேடம், புராண வேடம் கட்டி ஆட்கள் அசையாமல் நிற்க, ராத்திரி முழுக்க வரிசையாக வரும். நூறு வருஷத்துக்கு மேலாக நடக்கிறது என்பார்கள். ஜனம் தலைக்கு மேல் தலை. சிவன், பார்வதி, நரசிம்மர், காளி, பாண்டவர்கள் என்று வரும். ஒவ்வொரு வண்டிக்கும் தெருக்காரர்கள் வசூல் செய்து, மாதக்கணக்கில் திட்டம் போட்டு வேலை செய்கிறார்கள்.

அல்லி வரவில்லை. வண்டி கட்டும் பையன்கள் சிலரோடு பேசிக்கொண்டிருந்தேன். "அல்லின்னா யாருக்கா, சாமியா?" என்றான் ஒருவன். சாமி இல்லை, ராணி என்றேன். "சாமி இல்லன்னா ஜனங்க கும்புட மாட்டாங்களே" என்றான். அவனோடு நின்றிருந்த பெரியவர், "கும்புட வேணாம்டா, பாத்தா போதும். அர்ஜுனன வண்டியில ஏத்தறோம், அவன் சாமியா?" என்றார். நல்ல கேள்வி. பையன் யோசித்தான். சின்னப் பெண் ஒருத்தி யானை மேல் உட்கார்ந்திருக்க, காலடியில் நீன்முகன் விழுந்து கிடப்பது போலச் செய்தால் எப்படி இருக்கும் என்று சொல்லிக் காட்டினேன். யானை செய்ய எவ்வளவு ஆகும் என்று உடனே கணக்குப் போட ஆரம்பித்துவிட்டார்கள்.

ஆகஸ்ட் 9, இரவு

"யானை மேலா, குதிரை மேலா?" என்று கேட்டவருக்கு: பாண்டிய நாட்டு ராணி, யானையே இருக்கட்டும். குதிரை மேல் வைத்தால் பார்க்கிறவர்கள் ஜான்சி ராணி என்று நினைத்துக்கொள்வார்கள்.

ஆகஸ்ட் 11

ஆத்தூர்ப் பக்கத்திலிருந்து டீச்சர் ஒருவர் எழுதியிருக்கிறார். பெண் பிள்ளைகளை வைத்து அரைமணி நேர நாடகம் போட வேண்டும், அல்லி கதையில் எதை எடுக்கலாம், தாலிக் காட்சியை வெட்டிவிடலாமா என்று கேட்கிறார்.

டீச்சர், பாதி நேரத்தை நீன்முகன் போருக்கே கொடுங்கள். அவள் சபையையும் காட்டுங்கள், வழக்குக் கேட்டுத் தீர்ப்புச் சொல்வதாக ஒரு காட்சி வையுங்கள். அர்ஜுனன் வந்து கேட்பதும் அவள் மறுப்பதும் இருக்கட்டும். பாம்பையும் பள்ளியறையையும் மேடையில் காட்ட வேண்டாம், பிள்ளைகளுக்கு அது தேவையில்லை. ஆனால் நடந்ததை மறைக்கவும் வேண்டாம். தோழி ஒருத்தி நான்கு வரியில் சொல்லட்டும், உடனே அல்லி கோபத்தோடு சபைக்கு வரட்டும். அந்தப் பேச்சை உங்கள் பிள்ளைகளையே எழுதச் சொல்லுங்கள், நம்மைவிட நன்றாக எழுதுவார்கள். அதற்கு அப்புறம் புலந்திரனைத் தூக்கி வைத்துக்கொண்டு அவள் அரசு நடத்துவதில் நிறுத்திவிடலாம். பவளத் தேருக்குள் போனால் அரைமணி போதாது.

பாட்டுக்கு மாலை வரிகளையே எடுத்துக்கொள்ளுங்கள். நீளமாக ராகம் இழுத்து வாசிக்கிற நடை, ஓர் உடுக்கையும் தாளமும் இருந்தால் போதும். நீன்முகன் வேடத்துக்கு வகுப்பிலேயே உயரமான, குரல் உள்ள பெண்ணாகப் பாருங்கள். அவன் பலசாலியாகத் தெரிந்தால்தான் சண்டை எடுபடும்.